மாதாவின் கறுப்பு முக்காடு

அப்பா சாகக் கிடந்தபோது சொத்தைப் பிரித்தார். சொத்து என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. கொஞ்சம் புகையிலைக் காடு, ஓர் உழவு எருமை. அதை இரண்டு வார்த்தையில் முடித்துவிட்டு வீட்டிலிருந்த சாமிச் சிலைகளுக்கு, சுரூபங்களுக்கு, வந்தார். உயிர்த்த ஆண்டவர் அண்ணன் சிலெஸ்தினோவுக்கு, வியாகுல மாதா எனக்கு.

"மகன் மகனுக்கு, தாய் மகளுக்கு. நீங்க என்னதான் அடிச்சிக்கிட்டாலும் பாஸ்கா அன்னிக்கு ரெண்டு பேரும் சந்திச்சுத்தானே ஆகணும்" என்றார்.

பாவம், ரொம்பத்தான் யோசித்துச் செய்தார். நாங்கள் சண்டை போட்டதும் முதலில் நின்றுபோனது அந்தச் சந்திப்புதான்.

ஆண்டவர் உயிர்த்த நாளான பாஸ்கா ஞாயிறு விடியுமுன் ஆண்டவரின் சப்பரம் மேற்குத் தெருவில் அண்ணன் வீட்டிலிருந்து கிளம்பும். ஊர் ஆண்கள் பின்னால் போவார்கள். மாதாவின் சப்பரம் கிழக்குத் தெருவில் என் வீட்டிலிருந்து கிளம்பும்; பெண்கள் பின்னால் வருவோம். மாதா தலையிலிருந்து இடுப்புவரை கறுப்பு முக்காடு. கோயில் முன்னால் மூங்கில் வளைவுக்குக் கீழே தாயும் மகனும் சந்திப்பார்கள். மேலேயிருந்து இறக்கை கட்டித் தேவதூதர்போலச் சம்மனசு வேஷம் போட்ட ஒரு குட்டியைக் கூடையில் இறக்குவார்கள். அவள் முக்காட்டை எடுப்பாள். அதற்கப்புறம்தான் எங்கள் சான் இலாரியோ ஊரில் துக்கம் காக்கிற பெண்கள் தங்கள் தலைக் கறுப்பை எடுக்கலாம். மாதாவே துக்கத்தில் இருக்கும்போது உனக்கென்னடி அவசரம் என்று ஊர் கேட்கும்.

சண்டை எதனால்? சாமியாரால்தான். முந்நூறு வருஷம் ஸ்பெயின்காரச் சாமியார்கள் எங்களுக்குப் பாவமன்னிப்புக் கொடுத்தார்கள். எங்கள் பிள்ளைகள் தூபக்கால் பிடிக்கலாம், மணி அடிக்கலாம், மிஞ்சிப்போனால் துணைச் சாமியாராகி மூலையில் நிற்கலாம். அப்புறம் புரட்சி வந்தது. ஸ்பெயின்காரன் போனான், அமெரிக்கன் வந்தான், அவனோடு போர் வந்தது, அதில் என் வீட்டுக்காரரும் போனார். நாடுதான் கிடைக்கவில்லை, கோயிலாவது நம்முடையதாக இருக்கட்டும் என்று எங்கள் சாமியார்கள் ரோமாபுரியை விட்டு விலகிச் சுதந்திர சபை ஆரம்பித்தார்கள். எங்கள் ஊர்ப் பையன் உர்பானோ, நான் மூக்குத் துடைத்து வளர்த்த உர்பானோ, சாமியாராகப் பெரிய பலிபீடத்தில் நின்று கைகளை விரித்தான். நான் தேம்பித் தேம்பி அழுதேன். அந்தச் சந்தோஷத்தை எனக்குச் சொல்லத் தெரியாது.

அண்ணன் அன்றைக்குக் கோயிலை விட்டு எழுந்து போனான். போனவன் ஆண்டவரை வீட்டுக்குள் வைத்துப் பூட்டினான். அவனை நான் நடுச்சந்தையில் வெள்ளைக்காரனுக்கு வால்பிடிக்கிறவன் என்றேன். அவன் என்னைச் சபை கெட்டவள் என்றான். அதோடு பேச்சு நின்றது.

நாலு பாஸ்கா வந்து போயிற்று. மகன் வராமல் மாதாவின் முக்காட்டை எடுக்க விடமாட்டேன் என்று நான் சொல்லிவிட்டேன். உர்பானோ கெஞ்சிப் பார்த்தான். "முடியாதுன்னா முடியாது" என்றேன். அதனால் மாதா கறுப்பிலேயே இருந்தாள். இதற்கிடையில் வந்த காலராவில் புருஷனைப் பறிகொடுத்த பெண்களும் கறுப்பிலேயே இருந்தார்கள். அவர்களில் ஒருத்தி என் மகள் லியோனிலா.

போன மழைக்காலம் முடிந்ததும் மணிலாவின் பெரிய கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது. கோயில்கள் ரோமாபுரிக்கே சொந்தமாம். எங்கள் தாத்தாக்கள் கல் சுமந்து கட்டியது, எங்கள் பாட்டிகள் சுண்ணாம்பு அரைத்துப் பூசியது, எங்கேயோ கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கிறவருக்குச் சொந்தம். மெழுகுவர்த்தித் தண்டுகளைக்கூட வைத்துவிட்டு வெளியே வந்தோம். மைதானத்துக்கு இந்தப் பக்கம், கோயிலுக்கு நேர் எதிரே, மூங்கிலும் ஓலையும் வைத்து ஒரு கோயில் கட்டிக்கொண்டோம். கல் கோயிலில் ஃபாதர் கியோ என்று ஓர் அமெரிக்கச் சாமியார் வந்து உட்கார்ந்தார். ராஜா மாறினால் சாமியாரும் மாற வேண்டும்போல.

இந்த லட்சணத்தில்தான் காசிமிரோ வந்து சேர்ந்தான். மாட்டு வண்டி ஓட்டுகிறவன், நல்ல பையன், எங்கள் சபைதான். லியோனிலாமேல் அவனுக்கு இரண்டு வருஷமாக ஆசை. அவளுக்கும் ஆசைதான், அவன் வண்டிச் சத்தம் கேட்டால் கறுப்புத் துணிக்குள்ளேயே முகம் மாறும். நோன்புக்காலத்தில் ஒருநாள் வந்து ஏணிப்படியில் உட்கார்ந்தான்.

"அத்தை, ஹவாய்க்கு ஆள் எடுக்கிறாங்க. கரும்புத் தோட்டம். பாஸ்கா முடிஞ்ச புதன்கிழமை கப்பல்."

"போறியா?"

"இருக்கச் சொன்னா இருப்பேன். இன்னும் எத்தனை பாஸ்காவுக்கு நான் வண்டியில உக்காந்து அவ முக்காட்டையே பாத்துக்கிட்டு இருக்கிறது? இந்தத் தடவையும் கழட்டலேன்னா பேரை எழுதிக் கொடுத்துட்டுக் கப்பலேறிப் போயிடுவேன், அத்தை. உங்க மேல கோவிச்சுக்கிட்டு இல்ல. என்னால முடியல."

அவன் போனதும் லியோனிலாவைப் பிடித்துக்கொண்டேன். "ஏன்டி, கழட்டித் தொலையேன். ஊரு என்ன சொன்னா என்ன? நான் பாத்துக்கறேன்."

"அம்மா, அவரை எப்படிப் பொதைச்சாங்கன்னு உனக்குத் தெரியும். சிப்பாய் வந்து பாயோட சுருட்டித் தூக்கிட்டுப் போனான். சுண்ணாம்புக் குழி. ஒரு மணி அடிச்சாங்களா? ஒரு ஜெபம் சொன்னாங்களா? இது ஒண்ணுதான் நான் அவருக்கு முறையா செய்ய முடியறது. இதையும் திருட்டுத்தனமா செய்யணுமா?"

சுருட்டைப் பற்றவைத்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்தேன். யார் வீம்பினால் என் மகள் கறுப்பில் இருக்கிறாள் என்று எனக்குத் தெரியாதா என்ன. பாதி அண்ணன் வீம்பு, பாதி என் வீம்பு.

புனித வாரத்தில் அண்ணன் வீட்டுக்குப் போனேன். மேலே ஏறவில்லை, ஏணிக்குக் கீழே நின்றேன். அவன் ஜன்னலில் நின்றான். தலை நரைத்துப் போயிருந்தது. அதைப் பார்த்தும் நான் குரலை இறக்கவில்லை.

"அண்ணே, ஞாயித்துக்கிழமை உன் ஆண்டவரை எங்க மாதாகிட்ட கூட்டிக்கிட்டு வா."

"உன் ஆண்டவர், எங்க மாதா. பேச்சைப் பாரு."

"லியோனிலாவுக்காகக் கேக்கறேன். எனக்காகக் கேட்டா என் நாக்கு அழுகிப் போகட்டும்."

கோயில் இருந்த பக்கம் பார்த்தான். "ஃபாதர் ஒத்துக்க மாட்டார்."

"ஃபாதர் நேத்து வந்தவரு! அவருக்கு நம்ம ஊரு மழை எந்த மாசம் வரும்னு தெரியுமா? உன் கழுத்துல கயிறு போட்டா கட்டி வெச்சிருக்காரு?"

"பெத்துவா, கத்தாதே. ஒண்ணு கேக்கறேன், பதில் சொல்லு. என் பையன் ரோமைச் சபையில ஞானஸ்நானம் வாங்கினான். அஞ்சு வயசுல அந்தச் சபையிலயே செத்தான். இப்ப நீ வந்து அந்தச் சபை நம்மளது இல்ல, அதெல்லாம் வேஷம்கிறே. அது வேஷம்னா என் பையன் இப்ப எங்க இருக்கான்?"

நாலு வருஷமாக அவன் வெள்ளைக்காரனுக்குப் பயந்துதான் அந்தப் பக்கம் நிற்கிறான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். இதை அவன் ஒருநாளும் சொன்னதில்லை. நானும் கேட்டதில்லை.

அதற்குள் அண்ணி எஸ்கோலாஸ்திகா அவன் தோளுக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள். "எங்களுக்கு வேற மாதா தயாராயாச்சு. நீ ஒண்ணும் கஷ்டப்பட வேண்டாம்" என்றாள். மனசு இளகிக்கொண்டு வந்தது, அவள் வாயைத் திறந்து அதையும் கெடுத்தாள்.

விஷயம் என்னவென்றால், கோயிலில் இருந்த மோனிக்கம்மாள் என்ற புனிதையின் சுரூபத்துக்குக் கறுப்பு உடுத்தி மாதா ஆக்கியிருந்தார்கள். எங்கள் சுரூபங்களில் தலையும் கையும்தான் மரம். உடம்பு குச்சிக் கூடு. உடையை மாற்றினால் ஆளை மாற்றிவிடலாம். இதைக் கேட்டதும் உர்பானோவுக்கு ரோஷம் வந்துவிட்டது. அவர்கள் மாதா செய்தால் நாம் ஆண்டவர் செய்யக்கூடாதா என்று கிளம்பினான். எங்கள் சபை வீடுகளில் இருந்த ஆண் சுரூபம், சொர்க்கத்தின் சாவியைக் கையில் வைத்திருக்கும் இராயப்பர் ஒருவர்தான். இராயப்பருக்கோ பெரிய வழுக்கை. யாரோ கொடுத்த கூந்தலை ஒட்டினோம், வெள்ளை அங்கி போட்டோம், கையிலிருந்த சாவியைப் பிடுங்கினோம். சாவி போனாலும் விரல் மடங்கியே இருந்தது. ஆசீர்வதிக்கிற கையாகத் தெரியவில்லை. சுருட்டுக்கு நெருப்புக் கேட்கிற கையாகத் தெரிந்தது.

லியோனிலா வந்து பார்த்தாள். சிரிக்கவில்லை.

"அம்மா, இவரு இராயப்பர்."

"தெரியுதுடி. தூரத்துலேருந்து பாத்தா..."

"மாதாவுக்குத் தன் புள்ளையைத் தெரியாதா? இவரைக் காட்டி முக்காட்டை எடுத்தா நான் என்னோடதை எடுக்க மாட்டேன். காசிமிரோகிட்ட சொல்லிடு, கப்பலுக்குப் போகட்டும்."

சனிக்கிழமை முழுக்க நான் மாதாவின் முன்னால் உட்கார்ந்து, நீயாவது ஏதாவது செய்யேன், சும்மா அழுதுகொண்டே நின்றால் ஆயிற்றா என்று திட்டினேன்.

ஞாயிறு விடியுமுன் எட்டு பெண்கள் மாதாவைத் தோளில் தூக்கினார்கள். நல்ல இருட்டு. ஏற்பாடு இதுதான்: எங்கள் பெண்கள் என் வீட்டிலிருந்து மாதாவோடு, எங்கள் ஆண்கள் ஓலைக் கோயிலிலிருந்து இராயப்பரோடு. ரோமாபுரிக்காரர்களின் ஆண்கள் அண்ணன் வீட்டிலிருந்து ஆண்டவரோடு, அவர்கள் பெண்கள் கோயில் பின்வாசலிலிருந்து மோனிக்கம்மாளோடு. நாங்கள் ஓலைக் கோயில் முன்னால் நின்றுகொள்வோம், அவர்கள் கல் கோயில் முன்னால். ஒருத்தரை ஒருத்தர் பார்க்காமல் பாஸ்கா கொண்டாடுவதாகத் திட்டம்.

நான் முன்னால் நடந்தபடி பாட்டை எடுத்தேன். பின்னால் பெண்கள் வாங்கிப் பாடினார்கள். பாதி தெரு போனதும் எனக்குச் சந்தேகம் தட்டியது. குரல் ரொம்பப் பெரிதாக இருந்தது. திரும்பிப் பார்த்தேன். மெழுகுவர்த்தி வரிசை தெருமுனை தாண்டி ஆற்றங்கரை வரைக்கும் போயிருந்தது. எங்கள் சபையில் இத்தனை பெண்கள் ஏது? வரிசையோரமாகப் பின்னால் நடந்து போய் ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன். கோயில் பூ அலங்காரக்காரி, ஃபாதர் கியோவுக்குச் சமைக்கிறவள், சிலுவைப்பாதை நடத்துகிறவள், எல்லாரும் கண்ணைப் பாதி மூடிக்கொண்டு பாடிக்கொண்டு வருகிறார்கள். நடுவில் தொண்டை கிழியப் பாடிக்கொண்டு எஸ்கோலாஸ்திகா அண்ணி!

"நீ எங்கடி இங்க?" என்றேன். அவசரத்தில் அண்ணி என்ற மரியாதை போய்விட்டது.

அவள் விழித்தாள். என்னைப் பார்த்தாள், மாதாவைப் பார்த்தாள். "ஐயையோ!" என்று வாயில் கை வைத்தாள். "எந்திரிச்சேன், மெழுகுவர்த்தியை எடுத்தேன், நடந்தேன். பாட்டு கேட்டுச்சா, சேந்துக்கிட்டேன். பிறந்ததிலேருந்து இந்தத் தெருவுலதானே வந்திருக்கேன்!"

"இப்ப என்ன, திரும்பிப் போறியா?"

"மாதாவை நடுத்தெருவுல விட்டுட்டா? பாவம் இல்லையா? பேசாம பாடு" என்று என்னையே அதட்டினாள்.

மைதானத்துக்குள் நுழையும்போது கிழக்கே லேசாக வெளுத்திருந்தது. கல் கோயில் பின்வாசலில் மோனிக்கம்மாள், தூக்கிக்கொண்டிருந்த ஆட்களைத் தவிர துணைக்கு ஒருத்தியும் இல்லாமல் நின்றாள். ஓலைக் கோயில் வாசலில் இராயப்பர் காற்றில் கூந்தல் பறக்க நின்றார். பக்கத்தில் உர்பானோவும் ஊதுகுழல்காரர்களும் மட்டும். ஆண்கள் யாரையும் காணோம். அப்போது மேற்குத் தெருவிலிருந்து அண்ணன் ஆண்டவரோடு வந்தான். அவனுக்குப் பின்னால் ஊரின் அத்தனை ஆண்களும். எங்கள் சபை ஆண்கள் எல்லாரும் அங்கேதான் இருந்தார்கள், கோர்ட்டுத் தீர்ப்பு அன்று கல்லெறியக் கிளம்பினவர்கள் உட்பட. இராயப்பரைத் தூக்க வேண்டிய காசிமிரோ ஆண்டவர் சப்பரத்துக்குத் தோள் கொடுத்துக்கொண்டு வந்தான்.

ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்ததும் பாட்டு நின்றுபோயிற்று. இரண்டு சப்பரமும் கல் கோயில் முன்னாலிருந்த வளைவுக்கு இரண்டு பக்கமும் நின்றன.

ஃபாதர் கியோ அங்கியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடி வந்தார். "சிலெஸ்தினோ! இல்லை! திரும்பு! இது நம்ம மாதா இல்லை!"

அண்ணன் அவரைப் பார்த்தான். அவன் பயப்படுவான் என்றுதான் நினைத்தேன்.

"ஃபாதர், மகன் அம்மாவைப் பாக்க வந்து நிக்கிறான். நாலு வருஷம் கழிச்சு வந்திருக்கான். திரும்பிப் போடான்னு சொல்ல எனக்கு வாய் வரல. நீங்க சொல்லணும்னா நீங்களே அவர்கிட்ட சொல்லுங்க."

ஃபாதர் ஆண்டவரை அண்ணாந்து பார்த்தார். அவரும் ஒரு தாய் பெற்ற பிள்ளைதானே. தொப்பியைக் கழற்றினார்.

இந்தப் பக்கம் உர்பானோ என் காதருகே வந்தான். "அத்தை, முறைப்படி மாதாதான் முதல்ல குனியணும். கல் கோயில் வாசல்ல குனிஞ்சா நாம ரோமாபுரிக்குக் குனிஞ்ச மாதிரி ஆகும். நாளைக்கு ஊரெல்லாம் அதையே சொல்லும்."

"சொல்லட்டும்டா. கோர்ட்டு கொடுத்தாலும் கொடுக்காட்டியும் இந்த வாசல் என் தாத்தா போட்டது. என் வீட்டு வாசல்ல நான் குனியறதுக்கு யார்கிட்ட கேக்கணும்?"

கூட்டத்தில் லியோனிலாவைத் தேடினேன். அவள் மூச்சுக்கூட விடாமல் ஆண்டவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"குனியுங்கடி" என்றேன்.

பெண்கள் முழங்காலை மடக்கினார்கள். மாதா குனிந்தாள். எதிரே ஆண்டவர் குனிந்தார். மூன்று தடவை. மூன்றாவது தடவை எழுந்தபோது ஆண்கள் பக்கம் யாரோ விசும்புகிற சத்தம் கேட்டது. இரண்டு சப்பரத்தையும் கொண்டுவந்து வளைவுக்குக் கீழே இறக்கினார்கள்.

மேலேயிருந்து கூடை இறங்கியது. சம்மனசுக் குட்டி இறக்கை ஆட மாதாவின் தலைக்கு நேரே வந்து முக்காட்டைப் பிடித்து இழுத்தாள். வரவில்லை. இரண்டு கையாலும் இழுத்தாள். வரவில்லை. "வரமாட்டேங்குது!" என்று அழ ஆரம்பித்தாள். கூட்டம் அப்படியே உறைந்தது. முக்காடு சிக்கினால் அந்த வருஷம் விளங்காது என்பார்கள். லியோனிலா கண்ணை மூடிக்கொண்டாள்.

எனக்குத்தான் காரணம் தெரியும். முதல் பாஸ்காவுக்கு அண்ணன் வராதபோது, வேறு யாரும் தொடக்கூடாது என்று முக்காட்டைச் சுற்றி ஊசி குத்திவைத்தேன். ஒவ்வொரு வருஷமும் கோபம் வந்தபோதெல்லாம் இன்னும் குத்தினேன். மழைக்கால ஈரத்தில் எல்லாம் துருப்பிடித்துக் கிடந்தன; இந்தக் களேபரத்தில் உருவ மறந்துபோனேன்.

பாவாடையைத் தூக்கிச் சொருகிக்கொண்டு சப்பரத்தில் ஏறினேன். நான் ஓர் ஊசியை உருவுவதற்குள் சப்பரம் மறுபக்கம் ஆடியது. அண்ணன் ஏறியிருந்தான். முழங்கால் வலிக்காரன், எப்படி ஏறினானோ. அவன் அந்தப் பக்கம், நான் இந்தப் பக்கம், நடுவில் மாதா. ஒவ்வொன்றாக உருவிக்கொண்டிருந்தோம்.

"ஆ!" என்று விரலை உதறினான். "எத்தனை ஊசிடி குத்தி வெச்சிருக்கே?"

"உன்மேல எவ்வளவு கோவமோ அவ்வளவு."

"இந்தப் பக்கம் முடியவே மாட்டேங்குது."

"ஆமா. முடியாது." எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. "அண்ணே, உன் பையன் ஆண்டவர்கிட்டதான் இருக்கான். வேற எங்கயும் இல்ல. எந்தச் சாமியார் தண்ணி ஊத்தினாலும் அவன் அங்கதான் இருக்கான். எனக்குச் சபை தெரியாது, இது தெரியும்."

அவன் சட்டைக் கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். மிச்சமிருந்த ஊசியை அவனே எடுத்தான். அப்புறம் அழுதுகொண்டிருந்த சம்மனசைப் பார்த்து, "இப்ப இழு, கண்ணு" என்றான்.

முக்காடு வந்தது. மாதாவின் முகத்தை ஊர் பார்த்தது. கல் கோயில் மணி அடித்தது. யார் அடிக்கச் சொன்னார்கள் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. ஓலைக் கோயில் ஊதுகுழல்காரர்கள் அதோடு சேர்ந்து ஊதினார்கள். பெண்கள் ஒவ்வொருத்தியாகத் தலையிலிருந்து கறுப்பை எடுத்தார்கள். காலராவில் போனவர்களின் பெயரைச் சத்தமாகச் சொல்லிச் சொல்லி எடுத்தார்கள்.

மறுநாளிலிருந்து இரண்டு கோயில், இரண்டு பூசை, பழைய வாய்ச்சண்டை எல்லாம் இருக்கத்தான் செய்தன. சப்பரத்தின்மேல் நின்றிருந்த எனக்கு அப்போது அதெல்லாம் ஒரு பொருட்டாகவே தெரியவில்லை. நான் என் மகளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

லியோனிலா தன் புருஷன் பெயரைச் சொன்னாள். கறுப்புத் துணியை அவிழ்த்து, நிதானமாக மடித்து, மாதாவின் காலடியில் வைத்து முத்தமிட்டாள். எழுந்து திரும்பினாள். அவள் முடியை வெளிச்சத்தில் பார்த்து எத்தனை காலமாயிற்று. ஆண்கள் பக்கம் நேராக நடந்து போனாள். ஊர் முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது. அவள் யாரையும் பார்க்கவில்லை. சப்பரக் கட்டையைப் பிடித்தபடி சிலையாக நின்றிருந்த காசிமிரோவின் முன்னால் போய் நின்றாள்.

"புதன்கிழமை எத்தனை மணிக்குக் கப்பல்?" என்று கேட்டாள்.

அவன் சப்பரக் கட்டையிலிருந்து கையை எடுத்தான்.

"எந்தக் கப்பல்?" என்றான்.